நான்கு எழுத்துகளின் நாமம்: மகளுக்கு ஒரு கடிதம்

பாளையங்கோட்டை

கர்த்தருக்குள் அன்பான மகளுக்கு,

அப்பா எழுதிக்கொள்வது. கர்த்தருடைய கிருபையால் நானும் அம்மாவும் சுகமாயிருக்கிறோம். நீயும் மருமகனும் பிள்ளைகளும் பாரிசில் சுகமாயிருக்க ஜெபிக்கிறோம். உங்கள் ஜெபக்கூட்டத்துக்கு வரும் சகோதரர் ஒருவர், "கர்த்தர்" என்பது பதவிப் பெயர்தான், தேவனுடைய உண்மையான நாமம் "யாவே", அந்த நாமத்தைச் சரியாக உச்சரிக்காமல் செய்யும் ஜெபம் அவரைச் சென்று சேராது என்று சொன்னதாகவும், அன்றிலிருந்து ஜெபிக்கும்போதெல்லாம் உனக்குத் தயக்கமாக இருப்பதாகவும் எழுதியிருந்தாய். பழைய ஏற்பாட்டையும் எபிரேயத்தையும் வேதாகமக் கல்லூரி மாணவர்களுக்குக் கற்பித்தே ஓய்வு பெற்றவன் நான். என் மகளுடைய ஜெபத்தில் இந்தக் கேள்வியால் தடை உண்டாவதை என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை. ஆகவே சற்று நீளமாகவே எழுதுகிறேன்; பொறுமையாக வாசி.

எபிரேய வேதத்தில் அந்த நாமம் யோத், ஹே, வாவ், ஹே என்னும் நான்கு எழுத்துகளால் வலமிருந்து இடமாக எழுதப்பட்டிருக்கிறது. ஏறத்தாழ 6,800 முறை அது வருகிறது. வேறெந்தப் பெயரும் அந்த வேதத்தில் அவ்வளவு முறை வருவதில்லை. பண்டைய எபிரேயத்தில் பெரும்பாலும் மெய்களை மட்டுமே எழுதினார்கள். உயிரொலிகளை வாசிப்பவரே சேர்த்துக்கொள்ள வேண்டும். நம் முன்னோர் ஓலைச்சுவடியில் புள்ளியிடாமல் எழுதியதையும், தமிழறிந்தவர் அதைத் தடுமாறாமல் படித்ததையும் நினைத்துக்கொண்டால் இது உனக்கு விளங்கும். பேசுகிற வாய்கள் இருக்கும்வரை எழுத்தில் விடுபட்ட ஒலி தொலைவதில்லை. இந்த ஒரு நாமத்தின் காரியத்தில் மட்டும், எழுத்தைப் பாதுகாத்த அதே ஜனம் பக்தியினாலே அதை வாயால் சொல்லாமல் விட்டது.

தொடக்கத்தில் அப்படி இருக்கவில்லை. ரூத்தின் புத்தகத்தில் போவாஸ் வயலுக்கு வந்து அறுக்கிறவர்களைப் பார்த்து, "கர்த்தர் உங்களோடே இருப்பாராக" என்று வாழ்த்துகிறானே, அங்கே எபிரேயத்தில் இருப்பது அந்த நான்கு எழுத்துகள்தான். அது கூலியாட்களுக்கும் எஜமானுக்கும் இடையே அன்றாடம் புழங்கிய வாழ்த்து. 1935இல் லாகீஸ் கோட்டையின் இடிபாடுகளில், பானை ஓடுகளில் மையினால் எழுதிய கடிதங்கள் கிடைத்தன. பாபிலோனியர் யூதாவை நெருக்கிக்கொண்டிருந்த கி.மு. 6ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், கீழ்நிலை அதிகாரி ஒருவர் தம் மேலதிகாரிக்கு எழுதியவை அவை. "யாவே என் ஆண்டவனைச் சமாதானச் செய்தி கேட்கப்பண்ணுவாராக" என்ற பொருளில் அவர் கடிதத்தைத் தொடங்குகிறார். நாம் "கர்த்தருக்குள் அன்பான" என்று தொடங்குவதைப் போல அவர்கள் அந்த நாமத்தை எழுதியே கடிதம் வரைந்திருக்கிறார்கள்.

இன்னும் பழைய சான்று ஒன்று உன் வீட்டிலிருந்து மெட்ரோவில் போய்ப் பார்க்கக்கூடிய தூரத்தில் இருக்கிறது. லூவ்ர் அருங்காட்சியகத்தில் மோவாபிய ராஜா மேசாவின் கருங்கல் சாசனத்தை வைத்திருக்கிறார்கள். இராஜாக்களின் இரண்டாம் புத்தகம் மூன்றாம் அதிகாரத்தில் வரும் அதே மேசாதான். இஸ்ரவேலுக்குக் கப்பமாக ஆடுகளைச் செலுத்திவந்து, ஆகாபின் மரணத்துக்குப் பின் கலகம் பண்ணினவன். கி.மு. 840ஐ ஒட்டிய அந்தச் சாசனத்தில், நேபோ என்னும் ஊரை இஸ்ரவேலரிடமிருந்து பிடித்து, குடிகளை வெட்டிப்போட்டு, அங்கிருந்த யாவேயின் பாத்திரங்களை எடுத்துத் தன் தெய்வமாகிய கேமோஷின் முன்பாக இழுத்துக்கொண்டு வந்ததாக அவன் பெருமையடிக்கிறான். நம் தேவனுடைய நாமம் வேதத்துக்கு வெளியே ஐயமின்றிக் காணப்படும் மிகப் பழைய எழுத்துச் சான்று, அவருடைய ஆலயப் பொருள்களைக் கொள்ளையடித்த பகைவன் வெட்டிவைத்த கல்லில் இருக்கிறது! அந்தப் பகுதியை மாணவர்களுக்கு வாசித்துக் காட்டிய ஒவ்வொரு முறையும் என் உள்ளம் கலங்கியதுண்டு. அந்தக் கல் 1868இல் யோர்தானுக்குக் கிழக்கே தீபானில் ஐரோப்பியர் கண்ணில் பட்டது. அதற்கான போட்டாபோட்டியில் அங்குள்ள பெதுவீன் மக்கள் மறு ஆண்டே அதை உடைத்துப்போட்டார்கள். உடைவதற்கு முன் ஈரக் காகிதத்தை அழுத்தி எடுத்து வைத்திருந்த அச்சைக் கொண்டுதான் துண்டுகளைத் திரும்ப ஒட்டினார்கள். பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு போய்ப் பார். பதினெட்டாம் வரியின் தொடக்கத்தில், அதாவது வலப்பக்கத்தில், அந்த நாமத்தைத் தேடு. ஹே என்னும் எழுத்து, நிமிர்ந்த கோட்டிலிருந்து இடப்புறமாக மூன்று பற்கள் நீண்டது போல இருக்கும். அது ஒரே சொல்லில் இரண்டாவதாகவும் நான்காவதாகவும் வருவதை வைத்து உன்னால் அடையாளம் கண்டுகொள்ள முடியும்.

இந்த நாமம் எங்கிருந்து வந்தது என்று கேட்டால், வேதத்தின் மிகப் பழைய பாடல்களே தெற்குத் திசையைக் காட்டுகின்றன. தெபோராளின் பாட்டு அவர் சேயீரிலிருந்து புறப்பட்டு ஏதோமின் வெளியிலிருந்து நடந்து வருவதைப் பாடுகிறது. ஆபகூக், தேவன் தேமானிலிருந்து வந்தார் என்கிறார். மோசே அந்த நாமத்தைக் கேட்டதும் மீதியான் தேசத்து ஆசாரியனாகிய தன் மாமனின் ஆடுகளை மேய்த்துக்கொண்டிருந்தபோதுதான். எகிப்திய ராஜா மூன்றாம் அமென்ஹோதெப் கி.மு. 14ஆம் நூற்றாண்டில், இன்றைய சூடானிலுள்ள சோலெப் என்னும் இடத்தில் கட்டிய கோயிலின் தூண்களில் அயல் நாடுகளின் பட்டியல் ஒன்று உண்டு. அதில் "ஷாசு" எனப்பட்ட நாடோடி மக்களின் நிலப்பகுதி ஒன்று, நம் நான்கு எழுத்துகளோடு ஒத்த ஒலியுடைய பெயரால் குறிக்கப்படுகிறது. அது இடத்தின் பெயராகவே தோன்றுகிறது. ஆயினும், தெற்கத்திப் பாலைநில மேய்ப்பரிடையே இந்த நாமம் முதலில் அறியப்பட்டிருக்கலாம் என்னும் கருத்துக்கு அது வலுவூட்டுகிறது. கி.மு. 800ஐ ஒட்டி, சீனாய்ப் பாலையின் வழித்தங்கல் ஒன்றில் பெரிய சாடிகளின்மேல் எழுதப்பட்ட வாழ்த்துகளில் "தேமானின் யாவே", "சமாரியாவின் யாவே" என்ற தொடர்கள் உள்ளன. அங்கே "அவருடைய அசேரா" என்றும் எழுதியிருக்கிறது. அசேரா கானானியரின் பெண் தெய்வம்; அவளைக் குறிக்கும் மரத்தூணுக்கும் அதே பேர்தான். தீர்க்கதரிசிகள் எதை எதிர்த்து அவ்வளவு போராடினார்கள் என்பது அதைப் படித்தால் நன்றாக விளங்கும்.

இனி, அர்த்தத்துக்கு வருகிறேன். உன் கேள்வியின் இருதயம் இங்கேதான் இருக்கிறது. யாத்திராகமம் மூன்றாம் அதிகாரத்தில் மோசே நாமத்தைக் கேட்பதற்கு முன்பே, "நான் உன்னோடே இருப்பேன்" என்று தேவன் சொல்லிவிடுகிறார். அங்கே "இருப்பேன்" என்பதற்கான எபிரேயச் சொல் "எஹ்யே". இரண்டு வசனம் தள்ளி, "இருக்கிறவராக இருக்கிறேன்" என்று நாம் வாசிக்கும் இடத்திலும் அதே "எஹ்யே"தான் வருகிறது: "எஹ்யே அஷேர் எஹ்யே". அந்த வினை வடிவம் நிகழ்காலத்துக்கும் எதிர்காலத்துக்கும் பொதுவானது. அடுத்த வசனத்தில்தான் நான்கு எழுத்து நாமம், தலைமுறை தலைமுறைக்கும் உரிய பேராகக் கொடுக்கப்படுகிறது. தன்னைக் குறித்து அவர் பேசும்போது "இருப்பேன்" என்பது, மற்றவர் அவரைக் குறித்துப் பேசும்போது "அவர் இருப்பார்" என்று ஆகிறது என வேதமே அந்த நாமத்தை விளக்குகிறது. கிரேக்கத்தில் மொழிபெயர்த்த யூதர்கள் அதை "இருக்கிறவர்" என்று எழுதியதால், பிற்கால இறையியலார் அதில் தேவனுடைய நித்திய இருப்பைக் கண்டார்கள். ஆல்பிரைட் என்னும் அமெரிக்க அறிஞர், "இருக்கச் செய்கிறவர்", அதாவது படைக்கிறவர், என்று அதற்குப் பொருள் கொண்டார். காற்று வீசுவதைக் குறிக்கும் அரபு வேரோடு இணைத்து, புயலின் அதிபதி என்று சொன்னவர்களும் உண்டு. இவற்றை நான் தள்ளிவிடவில்லை. ஆனால் செங்கல் அறுத்துக் கைகள் காய்த்துப்போன அடிமைகளிடம் போய்ச் சொல்வதற்காகவே மோசே அந்த நாமத்தைக் கேட்டான் என்பதை நாம் மறக்கக்கூடாது. "உங்கள் பிதாக்களின் தேவன் உங்களோடு இருப்பார்" என்பதே அவர்களுக்கு அன்று தேவையான சொல். அதனால் அந்த நாமம் முதலாவது ஒரு வாக்குறுதி என்றே நான் இத்தனை ஆண்டுகளும் கற்பித்துவந்தேன்.

அந்த நாமத்தைச் சொல்வது எப்போது குறைந்தது என்பதை உன் தமிழ் வேதாகமத்திலேயே ஓரளவு பார்க்கலாம். 14ஆம் சங்கீதத்தையும் 53ஆம் சங்கீதத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படி. ஏறக்குறைய ஒரே பாடல்; முந்தினதில் "கர்த்தர் பரலோகத்திலிருந்து" என்றிருப்பது பிந்தினதில் "தேவன் பரலோகத்திலிருந்து" என்று மாறியிருக்கும். நான்கு எழுத்துகளின் இடத்தில் "எலோஹிம்" என்னும் பொதுச்சொல்லை யாரோ பயபக்தியோடு வைத்திருக்கிறார்கள். பின்னர் வேதத்தை வாசிக்கும்போது "அதோனாய்", அதாவது "என் ஆண்டவர்", என்று சொல்லும் வழக்கம் நிலைபெற்றது. சவக்கடல் அருகே குகைகளில் கிடைத்த பழைய யூதச் சுருள்கள் சிலவற்றில், மற்ற எழுத்தெல்லாம் அந்தக் காலத்து வடிவில் இருக்க, அந்த நாமம் மட்டும் பழைய எபிரேய வடிவில் எழுதப்பட்டிருக்கிறது. பாவநிவிர்த்தி நாளில் பிரதான ஆசாரியர் ஆலயத்தில் அந்த நாமத்தை உச்சரிக்கும்போது, பிராகாரத்தில் நின்ற ஜனங்கள் முழங்காற்படியிட்டு முகங்குப்புற விழுந்தார்கள் என்று யூத ரபீக்களின் பழைய சட்டத் தொகுப்பாகிய மிஷ்னா சொல்கிறது. கி.பி. 70இல் ரோமர் ஆலயத்தை இடித்தபோது அந்த ஆராதனையும் நின்றுபோயிற்று.

அதற்குப் பல நூற்றாண்டுகளுக்குப் பின், திபேரியாவைச் சேர்ந்த மசோரெத்து அறிஞர்கள், அதாவது எபிரேய வேத பாடத்தைப் பிழையின்றிக் காத்துவந்த யூத அறிஞர்கள், வேதத்துக்கு உயிர்க்குறிகளை இட்டபோது, இந்த நான்கு எழுத்துகளோடு "அதோனாய்" என்பதன் உயிர்க்குறிகளைச் சேர்த்தார்கள். எழுதியிருப்பதை அப்படியே உச்சரிக்காமல் அதோனாய் என்று வாசி, என்பது அதன் குறிப்பு. இந்த வழக்கத்தை அறியாத ஐரோப்பிய வாசகர்கள் ஒன்றின் மெய்யையும் மற்றொன்றின் உயிரையும் கூட்டிப் படித்ததில் "யெஹோவா" பிறந்தது. 1530இல் டிண்டேல் தம் ஆங்கில மொழிபெயர்ப்பில் அதை அச்சேற்றினார்; நம் வேதாகமத்தில் யாத்திராகமம் 6:3இலும் 83ஆம் சங்கீதத்தின் முடிவிலும் உள்ள "யேகோவா" அந்த வழியில் வந்ததே. "யாவே" என்பதற்கு இதைவிட நல்ல ஆதாரம் உண்டு. "அல்லேலூயா"வின் கடைசியில் இருக்கும் "யா" அந்த நாமத்தின் சுருக்கம். சமாரியர் "யாபே" என்று உச்சரித்ததாக, ஐந்தாம் நூற்றாண்டுத் திருச்சபைப் பிதா தியோதொரேத்து எழுதிவைத்திருக்கிறார். ஆகவே உங்கள் சகோதரர் சொல்லும் உச்சரிப்பு, அறிஞர்கள் மிகுந்த நியாயத்தோடு மீட்டுருவாக்கியது; அதை நான் மறுக்கவில்லை. ஆனால் எகிப்தின் எலிபாந்தின் தீவில் கி.மு. 5ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த யூதப் போர்வீரர்கள் மூன்றே எழுத்தில் "யாகோ" என்றுதான் எழுதினார்கள். கி.மு. 410இல் அவர்களுடைய ஆலயம் இடிக்கப்பட்டபோது, மனைவி பிள்ளைகளோடு இரட்டுடுத்தி, உபவாசித்து, அந்த நாமத்தைச் சொல்லித்தான் ஜெபித்தார்கள். மூன்றே எழுத்து என்பதற்காக அந்த ஜெபம் கேட்கப்படாமல் போயிற்று என்று யார் சொல்லத் துணிவார்?

உன் தயக்கத்துக்கு நேரடியான பதிலை வேதத்திலிருந்தே தருகிறேன். "கர்த்தருடைய நாமத்தைத் தொழுதுகொள்ளுகிறவன் எவனோ அவன் இரட்சிக்கப்படுவான்" என்பது யோவேல் 2:32. எபிரேயத்தில் அங்கே இருப்பது நான்கு எழுத்து நாமம். அதுவும் நாமத்தைத் தொழுதுகொள்வதைப் பற்றிய வசனம். அதே வசனத்தை ரோமர் 10:13இல் எடுத்தாளும் பவுல், எபிரேயத்தை நன்கறிந்தவர், கிரேக்கத்தில் "கூரியோஸ்", அதாவது கர்த்தர், என்று எழுதுகிறார். அதுவும் இயேசுவை அறிக்கையிடுவதைப் பற்றிப் பேசும் இடத்தில். ஒலியில்தான் இரட்சிப்பு இருக்கிறதென்றால், பவுல் அந்த வசனத்தில் அதை மாற்றியிருப்பாரா? மேலும், நூனின் குமாரனாகிய ஓசேயாவுக்கு மோசே யோசுவா என்று பேரிட்டதாக எண்ணாகமம் 13:16 சொல்கிறது. "இரட்சிப்பு" என்ற பேரின் முன்னால் தேவனுடைய நாமத்தைச் சேர்த்து, "யாவே இரட்சிக்கிறார்" என்று ஆக்கினான். அதே பேர் தான் நசரேயனாகிய இயேசுவின் பேரும். நீ இயேசுவின் நாமத்தினாலே என்று ஜெபத்தை முடிக்கும்போதெல்லாம் அந்தப் பழைய நாமமும் உன் நாவில் இருக்கிறது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பாரிசில் யூதக் குடும்பங்கள் நிறைய உண்டு. உன் அலுவலகத்திலும் இருப்பார்கள். அவர்கள் முன்பாக அந்த நாமத்தை உச்சரிக்காதே. "ஹஷேம்", அதாவது "அந்த நாமம்", என்றே அவர்களில் பக்தியுள்ளவர்கள் சாதாரணப் பேச்சில் சொல்வார்கள். எழுதிய நாமத்தை அழிக்கவும் மாட்டார்கள். அது எழுதப்பட்ட ஏடு கிழிந்து பழையதானாலும் அடக்கம் பண்ணுவார்கள். நமக்கு இந்த வேதத்தைக் காத்துக் கொடுத்த ஜனம் அது. அவர்களுடைய மரியாதையை நாமும் மதிக்கத்தான் வேண்டும். கத்தோலிக்கத் திருச்சபையும் 2008இல், ஆராதனையிலும் பாடலிலும் யாவே என்னும் உச்சரிப்பைப் பயன்படுத்த வேண்டாம் என்று வத்திக்கானிலிருந்து அறிவுறுத்தியது.

அந்தச் சகோதரரோடு தர்க்கம் பண்ணாதே, அம்மா. அவருக்கு அந்த நாமத்தின்மேல் வாஞ்சை இருக்கிறது. அது நல்ல காரியம். யோவேல் வசனத்தையும் ரோமர் வசனத்தையும் தாழ்மையாக அவருக்குக் காட்டு. அவர் யாவே என்று சொல்லி ஜெபித்தால் நீ ஆமென் சொல். உன் முறை வரும்போது, சிறுவயது முதல் ஜெபித்த வண்ணமே "கர்த்தாவே" என்று தொடங்கு.

அன்புடன்,
உன் அப்பா