பிசியோதெரபி சேரும்முன் வார்டை பாருங்க

ஆசிரியருக்கு வணக்கம். பிளஸ் டூ ரிசல்ட் வந்ததும் எங்க கோத்தகிரி பக்கம் ஏஜென்ட்டுங்க போன் மேல போன் போட்டு பிசியோதெரபி சீட் இருக்கு, உடனே அட்வான்ஸ் கட்டுங்கன்னு அவசரப்படுத்துறாங்க, பெத்தவங்களும் பில்டிங் போட்டோவ பாத்துட்டு கட்டிடறாங்க. தயவுசெஞ்சு நேர்ல போய் பாருங்க. தங்கச்சி பொண்ணுக்காக நாங்க பாத்த ஒரு காலேஜ் லேப்ல வலிக்கு வைக்கற அல்ட்ராசவுண்ட் மெஷின் மேல கம்பெனி ஒட்டுன பிளாஸ்டிக் கவர்கூட பிரிக்கல, அப்ப பசங்க எதுல கத்துக்குவாங்க?

முதல்ல கேக்க வேண்டியது, பெட்ல நோயாளிங்க இருக்கற ஆஸ்பத்திரி கூட இருக்கா, பக்கவாதம், எலும்பு முறிவு, ஐசியூ எல்லாத்துலயும் பசங்கள நிறுத்துவாங்களாங்கறதுதான். தமிழ்நாடு டாக்டர் எம்.ஜி.ஆர். மருத்துவப் பல்கலைக்கழக அஃபிலியேஷன் இருக்கான்னும் பாத்துக்கோங்க. இத்தன நாளா பிபிடிங்கற பிசியோதெரபி டிகிரி நாலு வருஷம், அப்புறம் ஆறு மாசம் இன்டர்ன்ஷிப், இப்ப இந்த மாதிரி மருத்துவம் சார்ந்த படிப்புங்களுக்கான தேசிய ஆணையத்தோட புது பாடத்திட்டம் ஒரு வருஷ இன்டர்ன்ஷிப்போட சேத்து 5 வருஷம்னு சொல்லுது, எது உங்களுக்குன்னு எழுத்துல வாங்கிக்கோங்க. ஆறு மாச சர்டிபிகேட் கோர்ஸ் முடிச்சா பிசியோதெரபிஸ்ட் ஆக முடியாதுங்க. கவுன்சிலிங்ல நல்ல மார்க் இருந்தா திருச்சி அரசு பிசியோதெரபி கல்லூரிய விட்டுடாதீங்க.

2021ல மக்களைத் தேடி மருத்துவம் வந்தப்பறம் வீட்டுக்கே பிசியோதெரபிஸ்ட் வர்றாங்க, நாள் முழுக்க சரிவுல நின்னு கொழுந்து பறிச்சு இடுப்பு போன எங்க அம்மாமாருக்கு நல்லா படிச்ச புள்ளைங்கதான் வரணும். கவுன்சிலிங் சமயத்துல அங்கீகாரம் உள்ள கல்லூரிங்க லிஸ்ட்ட உங்க பேப்பர்ல போட்டா மலையில இருக்கறவங்களுக்கு பெரிய உதவியா இருக்கும்.

— வாசகர், கோத்தகிரி