மண்டையை விட்டுப் பேச்சைப் பிடியுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

போன கிழமை எங்கள் ஊர்ப் பிள்ளைகள் போட்ட சிறு நாடகமொன்றைப் பார்த்தேன். தொலைக்காட்சி முதலாளியும் விவாதம் நடத்துபவரும் கதிரையில் இருக்க, ஒரு 'கபாலப் பரியாரி' தையல் நாடாவால் மண்டையை அளந்து, "இது பேராசைப் புடைப்பு, இது பொய்ப் புடைப்பு" என்று சோக்கட்டியால் குறியிட்டார். சனம் விழுந்து விழுந்து சிரித்தது. நானும் சிரித்தேன். பெரிய இடத்து ஆட்களைப் பகிடி பண்ணும் துணிச்சல் நம் பிள்ளைகளுக்கு இருப்பது எனக்குப் பெருமைதான்.

ஆனால் பக்கத்தில் இருந்த ஆச்சி, பேரனின் பிடரியைத் தடவி, "இஞ்ச பாருங்க டீச்சர், இவனுக்கும் அந்தப் புடைப்பு இரிக்கி" என்றார். முகம் வாடிப்போயிருந்தது.

மண்டைப் புடைப்பில் குணம் தெரியும் என்பது, ஃபிரான்ஸ் யோசப் கால் என்ற வைத்தியர் 1790களில் வியன்னாவில் பரப்பத் தொடங்கிய கொள்கை. குணங்களுக்கென்று மூளையில் 27 உறுப்புகள் இருப்பதாகவும், பெருத்த உறுப்பு மண்டையைப் புடைக்க வைப்பதாகவும் சொன்னார். பிரான்சின் ஃபுளூரன்ஸ் என்ற விஞ்ஞானி 1820களில் விலங்குகளின் மூளையில் சோதனை செய்து அதை மறுத்தார். பிறகும் இதை வைத்தே வெள்ளைக்காரர் மற்ற இனங்களைத் தாழ்ந்தவை என்று எழுதினார்கள். நாடகத்தில் இது பொய்யென்று ஒரு வசனம்கூட வரவில்லை.

அடுத்த முறை மேடையேற்றும்போது, முதலாளிக்கு வந்த அதே அளவு வாசல் காவலாளிக்கும் வரட்டும். பரியாரி திகைக்கட்டும். வந்த விருந்தினரை விவாதக்காரர் எத்தனை தரம் பேசவிடாமல் மறித்தார் என்று ஒரு பிள்ளை விரல்விட்டு எண்ணட்டும்.

ஓய்வுபெற்ற விஞ்ஞான ஆசிரியை,
ஆரையம்பதி, மட்டக்களப்பு