தலைமையாசிரியர் பதவிக்கு டெட் எதற்கு?

ஆசிரியருக்கு,

ஆசிரியர் தகுதித் தேர்வு (டெட்) பற்றி உச்ச நீதிமன்றம் 2025 செப்டம்பர் 1-ல் தீர்ப்புச் சொன்னதிலிருந்து, அதில் தேறாதவர்களில் யாருக்கு வேலை போகும் என்பதே எங்கள் பேச்சாக இருக்கிறது. அதே தீர்ப்பில் இன்னொரு பகுதி உண்டு. ஓய்வுபெற ஐந்து ஆண்டுக்கும் குறைவாக இருப்பவர்கள் டெட் இல்லாமலே பணியில் தொடரலாம். ஆனால் பதவி உயர்வு கிடையாது. இதனால் லாபம் அடையப்போகிறவர்களில் நானும் ஒருவன். அதனால்தான் எழுதுகிறேன்.

திருவண்ணாமலை மாவட்டத்தில் ஓர் ஒன்றிய நடுநிலைப் பள்ளியில் பட்டதாரி ஆசிரியராக இருக்கிறேன். 2012-ல் டெட் எழுதி, அந்த டிசம்பரில் பணியில் சேர்ந்தேன். எங்கள் பள்ளியின் மூத்த ஆசிரியை 1997-ல் பதிவு மூப்பில் இடைநிலை ஆசிரியராக வந்தவர். அப்போது டெட் என்று ஒன்றே இல்லை. அஞ்சல் வழியில் பட்டமும் பி.எட்.டும் முடித்துப் பட்டதாரி ஆசிரியரானார். ஓய்வுக்கு இன்னும் மூன்று வருடம். தலைமையாசிரியர் பதவிக்கான பட்டியலில் இனி அவருக்கு இடமில்லை. என் முறை சீக்கிரம் வந்துவிடும்.

போன ஜூனில் செங்கல் சூளையிலிருந்து திரும்பிய ஒரு தாய், பையனைக் கையில் பிடித்துக்கொண்டு வந்து நின்றார். டி.சி. இல்லை, ஆதாரும் இல்லை. நான் என்ன செய்வதென்று யோசித்துக்கொண்டிருந்தேன். டீச்சர் அதற்குள் பையனை உட்காரவைத்து வாசிக்கச் சொல்லிப் பார்த்து, வயதுக்கேற்ற வகுப்பில் சேர்க்கை போட்டுவிட்டார். பிறகு பழைய பள்ளிக்குப் போன் செய்து, கல்வித் துறையின் இணையப் பதிவேடான எமிஸில் பையனின் பெயரை, பள்ளி மாறும் பிள்ளைகளுக்கான பொதுப் பட்டியலான காமன் பூலுக்கு விடச் சொன்னார். அன்று மதியமே பையன் சத்துணவு வரிசையில் நின்றான். காலை உணவுத் திட்டப் பொறுப்பாளரோடு வரும் சிக்கல், பள்ளி மேலாண்மைக் குழுக் கூட்டத்தில் கிளம்பும் சண்டை எல்லாவற்றையும் அவர்தான் பேசித் தீர்த்துவைக்கிறார்.

டெட் இரண்டாம் தாளில் 150 கேள்விகள். குழந்தை மேம்பாடு 30, தமிழ் 30, ஆங்கிலம் 30, பாடம் 60. பள்ளி நிர்வாகத்துக்கென்று ஒரு பகுதியும் கிடையாது. வகுப்பறைக்குள் புதிதாக வருகிறவருக்கு அது நல்ல தேர்வுதான், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் 2012 ஜூலையில் ஒன்றரை மணி நேரம் கொடுத்தபோது ஆறு லட்சத்துக்கும் மேற்பட்டோர் எழுதி, சுமார் 2,400 பேர்தான் தேறினார்கள். அக்டோபர் மறுதேர்வில் மூன்று மணி நேரம் கொடுத்ததும் அந்த எண்ணிக்கை பல மடங்கானது. நானும் அக்டோபரில் தேறியவன்தான். நேரத்தைக் கூட்டினால் இத்தனை மாறுகிற மதிப்பெண்ணை வைத்து, ஒருவரின் இருபத்தெட்டு வருட வேலையை எப்படி ஒதுக்குவது?

அதற்காகப் பணிமூப்பு மட்டுமே போதும் என்று நான் சொல்லவில்லை. முறை வரும்வரை காத்திருந்ததைத் தவிர வேறெதுவும் செய்யாமல் தலைமையாசிரியர் ஆனவர்களின் கீழும் வேலை பார்த்திருக்கிறேன். ஒரு பள்ளியில் கழிப்பறைக்குத் தண்ணீர் வரவில்லை என்று எழுதிக் கொடுக்கக்கூட ஆளில்லாமல் ஒரு கல்வியாண்டே போனது. கஷ்டப்பட்டதெல்லாம் ஏழாம், எட்டாம் வகுப்புப் பெண் பிள்ளைகள்.

உயர்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர் ஆவதற்கு ஆசிரியர்கள் துறைத் தேர்வு எழுதுகிறார்கள். டி.என்.பி.எஸ்.சி. அதை மே, டிசம்பர் என வருடத்துக்கு இரண்டு முறை நடத்துகிறது. கணக்கு, நிர்வாக விதிகள் என்று பதவிக்குத் தேவையானதைக் கேட்கும் தேர்வு அது. 2010-க்கு முன் பணியில் சேர்ந்தவர்களுக்கு, நடுநிலைப் பள்ளித் தலைமையாசிரியர் பதவி உயர்வில் டெட்டுக்குப் பதிலாக அப்படியொரு தாள் போதும் என்று ஆக்கலாம். தேறியவர்களைப் பணிமூப்பு வரிசையில் அழைக்கட்டும். தமிழக அரசு இதை ஒன்றிய அரசிடமும், ஆசிரியர் தகுதியை வகுக்கும் தேசிய ஆசிரியர் கல்விக் குழுமத்திடமும் (என்.சி.டி.இ.) கேட்டு வாங்க வேண்டும். எங்கள் டீச்சரைப் போல இரண்டு மூன்று வருடமே மிச்சமிருப்பவர்களும் இருப்பதால், அடுத்த பதவி உயர்வுக் கலந்தாய்வுக்கு முன்பே அதைச் செய்ய வேண்டும்.

இப்படிக்கு,
ஒன்றிய நடுநிலைப் பள்ளிப் பட்டதாரி ஆசிரியர்,
திருவண்ணாமலை மாவட்டம்.