பின்பக்க ஸ்பிரிங் ஜோடி: 37 மில்லிமீட்டர் தவறுக்குப் பதில் கேட்டு ஒரு புகார் கடிதம்

அனுப்புநர்:
உங்கள் பின்பக்க காயில் ஸ்பிரிங் ஜோடியை வாங்கிய வாடிக்கையாளர்

பெறுநர்:
மேலாளர் அவர்கள்,
வாடிக்கையாளர் குறைதீர்ப்புப் பிரிவு

பொருள்: பழைய செடான் காருக்கென்று அனுப்பப்பட்ட பின்பக்க காயில் ஸ்பிரிங்குகள் அளவு பொருந்தாதது, பணத்தைத் திரும்பக் கோருவது தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மையீர்,

வணக்கம். "தொழிற்சாலை உயரத்தை மீட்டுத் தரும்" என்று உங்கள் பெட்டியின் மேல் பெரிய எழுத்தில் போட்டிருக்கிறீர்கள். அதை நம்பி வாங்கிய ஸ்பிரிங்குகள் என் காரின் பின்பக்கத்தைத் தொழிற்சாலை உயரத்துக்கு மேலே 37 மில்லிமீட்டர் தூக்கி நிறுத்தியிருக்கின்றன. தொலைபேசியிலும் மின்னஞ்சலிலும் இதை ஏற்கெனவே சொல்லியாயிற்று. வந்த பதில்களில் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லை. அதனால்தான் அளவுகளோடு இந்தக் கடிதம். உங்கள் நிறுவனத்தில் ஸ்பிரிங் வடிவமைப்பவர் யாராவது இருந்தால், இதை அவர் கையில் கொடுங்கள். விற்பனைப் பிரிவோடு பேசிப் பேசி எனக்கு அலுத்துவிட்டது.

கார் 25 வயதைத் தாண்டிய நான்கு கதவு செடான். பின்னால் முழு ஆக்சில், அதன்மேலேயே இரண்டு காயில் ஸ்பிரிங். சில ஆண்டுகளாகவே பின்பக்கம் அமுங்கிக் கிடந்தது. டிக்கியில் இரண்டு பெட்டி வைத்துப் பின்சீட்டில் ஆள் உட்கார்ந்தால், சாதாரணப் பள்ளத்தில்கூட ஆக்சில் போய் ரப்பர் ஸ்டாப்பரில் முட்டும். இரவில் ஹெட்லைட் மேலே தூக்கி அடிப்பதால், எதிரே வருகிறவர்கள் டிப் போடச் சொல்லி விளக்கை அணைத்து அணைத்துக் காட்டுவார்கள். நான் டிப்பில்தான் போய்க்கொண்டிருப்பேன். ஸ்பிரிங் சுற்றுகளுக்கு இடையே ரப்பர் கட்டை செருகச் சொன்னவர்கள் உண்டு. அப்படிச் செருகினால் சில சுற்றுகள் வேலை செய்யாமல் நின்றுபோய், மிச்சச் சுற்றுகள் முழு அடியையும் வாங்கி நாளடைவில் உடையும் என்பதால் அதைத் தொடவில்லை. முறையாகச் செய்வோம் என்றுதான் புது ஸ்பிரிங் ஜோடிக்கு உங்களிடம் வந்தேன்.

உயரத்தை எப்படி அளந்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் உங்கள் பிரதிநிதி முதலில் சந்தேகப்பட்டது அதைத்தான். சமதளத்தில் நிறுத்தி, நான்கு டயரிலும் காற்று சரியாக வைத்து, டிக்கியைக் காலி செய்து, காரை முன்னும் பின்னும் உருட்டி, பின்பக்கத்தை நன்றாக அழுத்தி ஆட்டி விட்டபிறகு, சக்கரத்தின் நடு மையத்திலிருந்து மட்கார்டு வளைவின் உதடு வரை அளந்தது. இப்படி அளந்தால் டயர் தேய்மானம் கணக்கில் வராது. இந்த வகைக்குத் தயாரிப்பாளரின் சர்வீஸ் புத்தகத்தில் உள்ள அளவு 380 மி.மீ. பழைய ஸ்பிரிங்கில் 338 இருந்தது. உங்கள் ஸ்பிரிங்கைப் போட்ட அன்று 421.

அப்போதுதான் "ஓட ஓட செட்டாகிவிடும்" என்ற பதில் வந்தது. சரி, ஓட்டினேன். சில மாதங்களில் 421 என்பது 417 ஆனது. இடது, வலது இரண்டும் ஒரே அளவு. அதற்கப்புறம் அசையவே இல்லை.

இதில் உங்களுக்கு ஒரு பாராட்டும் இருக்கிறது. நல்ல தயாரிப்பாளர்கள் ஸ்பிரிங்கைச் சுற்றி முடித்ததும் அதைச் சுற்றோடு சுற்று ஒட்டும்வரை அழுத்தி எடுப்பார்கள். ஆரம்பத்தில் இறங்க வேண்டிய உயரம் தொழிற்சாலையிலேயே இறங்கிவிடும். பிறகு காரில் போட்டால் சில மில்லிமீட்டர்தான் இறங்கும். உங்கள் ஸ்பிரிங் 4 மி.மீ.யோடு நின்றது என்றால் எஃகும் பதமும் நன்றாகவே இருக்கின்றன. ஆனால் 41 மி.மீ. கூடுதலை "செட்டாகிவிடும்" என்று எந்தக் கணக்கில் சொன்னீர்கள்? அவ்வளவு இறங்கினால் இரும்பு மட்டம் என்று அர்த்தம். இறங்காவிட்டால் அளவு தவறு என்று அர்த்தம். இரண்டில் எதுவானாலும் அது உங்கள் பொருளின் குறைதானே?

அடுத்ததாகப் பழியை மெக்கானிக் மேல் போட்டீர்கள். சக்கரம் தொங்கும் நிலையிலேயே, ஆக்சிலைப் பிடித்திருக்கும் கைகளின் புஷ் (ரப்பர் உறை) போல்ட்டுகளை இறுக்கியிருப்பார், ரப்பர் முறுக்கிக்கொண்டு காரைத் தூக்கிப் பிடிக்கிறது என்றீர்கள். அப்படி நடப்பது உண்டு, மறுக்கவில்லை. ஆனால் என் மெக்கானிக் அந்த வேலையைப் பழகியவர். சக்கரத்தின் மேல் முழு எடையும் இறங்கிய பிறகுதான் இறுக்கினார். உங்கள் சொல்லுக்காக எல்லா போல்ட்டையும் தளர்த்தி, காரை உருட்டி, திரும்ப இறுக்கிப் பார்த்தோம். 2 மி.மீ.கூட மாறவில்லை. அந்தக் கூலியும் என் தலையில்தான்.

பிறகு ஷாக் அப்சார்பரையும் உங்களிடமே வாங்கி மாற்றினால் சரியாகும் என்றார் இன்னொருவர். சாதாரண ஷாக் அப்சார்பர் காரின் எடையைத் தாங்குவதில்லை, ஆட்டத்தை அடக்குவது மட்டுமே அதன் வேலை. காஸ் நிரப்பியதாக இருந்தால் அதன் அழுத்தம் இன்னும் கொஞ்சம் தூக்கத்தான் செய்யும். இறக்க வேண்டிய காருக்கு ஏற்றுகிற மருந்தா?

இவற்றையெல்லாம் தூக்கிச் சாப்பிட்டது, "வேண்டுமானால் ஒரு சுற்றை வெட்டி எடுத்துவிடுங்கள்" என்று தொலைபேசியில் சொன்ன யோசனை. ஸ்பிரிங் விற்கும் நிறுவனத்தின் வாயிலிருந்து இப்படி ஒரு பேச்சு வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. சுற்றைக் குறைத்தால் ஸ்பிரிங் இன்னும் விறைப்பாகும். காஸ் வைத்து வெட்டினால் அந்தச் சூட்டில் எஃகின் பதம் போகும். வெட்டிய முனை அதன் இருக்கையில் ஒழுங்காக உட்காராது. சக்கரம் முழுதாகத் தொங்கும்போது ஸ்பிரிங் இடம் பெயரவும் வாய்ப்பு உண்டு. இதையே எழுத்தில் தாருங்கள் என்று கேட்டேன். இன்றுவரை வரவில்லை.

கடைசியாக உங்கள் தொழில்நுட்பப் பிரிவு என்ற பெயரில் ஒரு மின்னஞ்சல் வந்தது. "எங்கள் ஸ்பிரிங்கின் உயரம் 365 மி.மீ. அசல் ஸ்பிரிங்கின் உயரமும் 365 மி.மீ. ஆகவே பொருளில் குறை இல்லை." இத்தோடு என் புகாரை முடித்துவிட்டதாகவும் அறிவித்திருந்தீர்கள். பிரச்சினையின் வேரே இந்த இரண்டு வரியில்தான் இருக்கிறது.

365 என்பது ஸ்பிரிங் மேசைமேல் சும்மா நிற்கும்போது உள்ள உயரம். காருக்கு அடியில் அது சும்மா நிற்பதில்லை. எடை ஏறிய பிறகு எவ்வளவு மிஞ்சுகிறது என்பதை வைத்துத்தான் காரின் உயரம் அமையும். அதற்குக் கம்பியின் தடிமனையும் பார்க்க வேண்டும். ஸ்பிரிங்கைக் கழற்றி, ஒரு இடத்தில் பெயின்ட்டைச் சுரண்டி, வெறும் இரும்பில் வெர்னியர் அளவுகோலை வைத்து அளந்தேன். உங்களுடையது 13.0 மி.மீ. பழையதில் துரு ஏறாத பகுதியில் வைத்தபோது 12.0 மி.மீ. சுற்றுகளின் எண்ணிக்கை ஒன்றே, சுற்றின் அகலமும் ஏறத்தாழ ஒன்றே.

ஒரு மில்லிமீட்டர்தானே என்று தோன்றலாம். காயில் ஸ்பிரிங்கின் விறைப்பு கம்பித் தடிமனின் நான்காம் அடுக்கைப் பொறுத்துக் கூடும். 13ஐ 12ஆல் வகுத்து, வந்ததை நான்கு முறை பெருக்கிப் பாருங்கள்: சுமார் 1.38. அதாவது 38 சதவீதம் கூடுதல் விறைப்பு. காகிதக் கணக்கோடு நிற்காமல் பழையதையும் புதியதையும் ஸ்பிரிங் பட்டறை ஒன்றில் எடையேற்றிப் பார்த்தோம். என் காரில் ஒவ்வொரு பின் ஸ்பிரிங்கும் தாங்கும் எடை ஏறத்தாழ 300 கிலோ. அந்த எடையில் பழையது 150 மி.மீ. அமுங்கியது, உங்களுடையது 109 மி.மீ.தான். 150இல் 109 போனால் 41. புதிதாகப் போட்ட அன்று என் கார் கூடுதலாக நின்ற அளவும் அதே 41. இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும்?

அந்தப் பட்டறையில் இன்னொன்றும் தெரிந்தது. பழைய ஸ்பிரிங் இத்தனை வருடம் உழைத்தும் அதன் விறைப்பு குறையவில்லை. மில்லிமீட்டருக்கு 2 கிலோ, அப்படியே இருக்கிறது. மேசைமேல் நிற்கும் உயரம்தான் 365இலிருந்து 323 ஆகக் குறைந்திருந்தது. அமுங்கிய காருக்கு "பலமான" ஸ்பிரிங் போட வேண்டும் என்ற எண்ணத்தில் நீங்கள் கம்பியைத் தடிப்பாக்கியிருந்தால், இல்லாத நோய்க்கு வைத்தியம் பார்த்திருக்கிறீர்கள். எனக்கு வேண்டியது இழந்த அந்த 42 மி.மீ. மட்டுமே. கம்பியைத் தடிப்பாக்கியே தீர வேண்டும் என்றால், அதற்கேற்ப நீளத்தையாவது குறைத்திருக்க வேண்டும்.

இது வெறும் அழகுப் பிரச்சினை என்று நினைத்துவிடாதீர்கள். இந்தக் காரில் பின் பிரேக்குக்கு, சுமையைப் பார்த்து அழுத்தத்தைக் கூட்டிக் குறைக்கும் வால்வு ஒன்று உண்டு. ஆக்சிலிலிருந்து போகும் ஒரு சின்னத் தண்டுதான் அதற்குக் கண். பின்பக்கம் இறங்கினால் சுமை ஏறியிருக்கிறது என்று எடுத்துக்கொண்டு பின் பிரேக்குக்கு அதிக அழுத்தம் விடும். உயர்ந்தால் வண்டி காலி என்று குறைத்துவிடும். நான்கு பேரும் பெட்டிகளும் ஏறி, பின் ஆக்சிலில் 150 கிலோ கூடினால், உங்கள் ஸ்பிரிங் 27 மி.மீ.தான் இறங்குகிறது. 417 போய் 390. முழுச் சுமையிலும் கார் தன் காலி உயரமான 380ஐக்கூட எட்டவில்லை! வால்வோ வண்டி காலி என்றே நினைத்துக்கொண்டிருக்கிறது. பின் பிரேக் தன் பங்கைச் செய்யாமல், நிறுத்தும் வேலை முழுவதும் முன்பக்கம் விழுகிறது. குடும்பத்தோடு போகும்போது பிரேக்கை மிதித்தால் கார் நிற்கும் தூரம் கூடியிருப்பது எனக்கே தெரிகிறது. தண்டின் நீளத்தை மாற்றி அமைக்கலாம்தான். ஆனால் விறைப்பே வேறாக இருப்பதால், காலியில் சரிசெய்தால் சுமையில் தவறும்.

ஹெட்லைட் இப்போது தரையைப் பார்க்கிறது. 10 மீட்டரில் 15 செ.மீ. கீழே. அதைத் திருகித் திருத்திக்கொள்ளலாம். வேகத்தடையில் இறங்கும்போது ஷாக் அப்சார்பர் முழு நீளத்துக்கும் இழுபட்டு 'டங்' என்று அடிப்பதைத் திருத்த முடியாது. காலி வண்டி பின்பக்கம் துள்ளுவதையும் அப்படித்தான். டிக்கியில் எப்போதும் கொஞ்சம் எடை வைத்துக்கொள்ளச் சொன்ன உங்கள் பிரதிநிதிக்கு ஒரு தகவல்: காரை 380க்கு இறக்க ஆக்சில்மேல் 200 கிலோவுக்கு மேல் ஏற்ற வேண்டும். மூன்று பெரிய ஆட்களைச் சம்பளம் கொடுத்துப் பின்சீட்டில் உட்கார வைத்தால்தான் உண்டு.

எனக்குத் தோன்றுவது இதுதான்: உங்கள் பட்டியலில் இந்தக் காரின் செடான், ஸ்டேஷன் வேகன், சரக்கு வேன் மூன்றுக்கும் ஒரே பாக எண் இருக்கிறது. கார் தயாரிப்பாளர் மூன்றுக்கும் வேறு வேறு ஸ்பிரிங் போட்டு, சுற்றில் வேறு வேறு நிறப் புள்ளி வைத்திருக்கிறார். நீங்கள் அனுப்பியது வேனுக்கானதாக இருக்கலாம். அப்படி இல்லையென்றால், 300 கிலோ எடையில் இந்த ஸ்பிரிங் எத்தனை மி.மீ. நிற்கும் என்று உங்கள் வரைபடத்தில் போட்டிருக்கும் எண்ணை எனக்கு எழுத்தில் தாருங்கள். முறையான ஸ்பிரிங் வரைபடம் எதிலும் அந்த எண் இருக்கும். இதைப் பல முறை கேட்டும், "நிறுவன ரகசியம்" என்ற பதில்தான் வந்தது. வெர்னியரும் எடைமேடையும் இருந்தால் யாரும் அளந்துகொள்ளக்கூடிய ஒன்றில் என்ன ரகசியமோ தெரியவில்லை.

ஸ்பிரிங்கின் முழு விலை, பொருத்திய கூலி, உங்கள் பேச்சைக் கேட்டு புஷ்களைத் தளர்த்தி இறுக்கிய கூலி, திரும்பக் கழற்றிய கூலி எல்லாம் எனக்கு வந்து சேர வேண்டும். ரசீதுகளின் நகலையும், வெர்னியர் அளவுகளின் படங்களையும், பட்டறையில் எடுத்த எடைக் குறிப்பையும் இத்துடன் இணைத்துள்ளேன். மாற்று ஸ்பிரிங் அனுப்புவதாக இருந்தால், எடையில் நிற்கும் உயரத்தை முதலில் எழுத்தில் சொல்லுங்கள். நான் சம்மதித்த பிறகு அனுப்பினால் போதும். இதே பாக எண்ணை வாங்கிய மற்ற செடான்காரர்களுக்கு அந்த பிரேக் வால்வு விஷயத்தைத் தெரிவிப்பதும், பட்டியலைத் திருத்தும்வரை அந்த எண்ணை செடானுக்கு விற்காமல் நிறுத்துவதும் உங்கள் கடமை. பணத்தைவிட இதற்குத்தான் முதலில் பதில் எதிர்பார்க்கிறேன்.

இக்கடிதம் கிடைத்த 15 நாட்களுக்குள் பதில் வராவிட்டால், இதே இணைப்புகளோடு நுகர்வோர் குறைதீர்ப்பு அமைப்பிடம் முறையிடுவேன்.

தற்போது பழைய ஸ்பிரிங்கையே திரும்பப் போட்டு, ஹெட்லைட்டைத் தாழ்த்தி, சுமை ஏற்றாமல் ஓட்டிக்கொண்டிருக்கிறேன். உங்கள் ஸ்பிரிங்குகள் வந்த அதே பெட்டியில் கட்டித் தயாராக இருக்கின்றன. எடுத்துச்செல்ல ஆள் அனுப்புங்கள். அனுப்பும் செலவு உங்களுடையது.

இப்படிக்கு,
தங்கள் வாடிக்கையாளர்

இணைப்பு: ரசீது நகல்கள், அளவுப் படங்கள், எடைக் குறிப்பு, இதுவரை நடந்த மின்னஞ்சல்கள்.