கப்பலேறும் பழத்துக்கு ஒரு நியாயம், உள்ளூர்ப் பழத்துக்கு ஒரு நியாயமா?

பெறுநர்: ஒன்றிய வேளாண்மை மற்றும் உழவர் நல அமைச்சகம், ஒன்றிய வணிகம் மற்றும் தொழில் அமைச்சகம், மாநில அரசுகளின் வேளாண் விற்பனைத் துறைகள்.

மதிப்பிற்குரிய அமைச்சர் பெருமக்களுக்கும் துறைச் செயலாளர்களுக்கும் வணக்கம்.

ஆண்டுக்கு 11 கோடி டன்னுக்குக் குறையாமல் பழம் விளைவித்து, உலகில் சீனாவுக்கு அடுத்த இடத்தில் இருக்கும் நாடு நம்முடையது. 2012-13 முதல் நம் தோட்டக்கலை விளைச்சல் உணவு தானிய விளைச்சலையே விஞ்சி நிற்கிறது. வாழையிலும் மாவிலும் நமக்கு நிகராக விளைவிப்பவர் இல்லை. இவற்றை உங்கள் துறைகளின் அறிக்கைகளே ஆண்டுதோறும் சொல்லி வருகின்றன. விளைந்த பழம் எப்படி அளக்கப்படுகிறது, எப்படித் தரம் பிரிக்கப்படுகிறது, யாருடைய தோட்டத்துப் பழம் என்ற விவரம் எந்த இடத்தில் தொலைந்து போகிறது என்பவை குறித்து அந்த அறிக்கைகளில் அவ்வளவாகப் பேச்சில்லை என்பதால்தான் இந்தத் திறந்த மடல்.

கம்பம் பள்ளத்தாக்கில் ஏற்றுமதிக்காக ஜி-9 என்ற ரக வாழை வெட்டப்படும் நாளில் பேக்கிங் கூடம் ஒன்றில் நின்று பார்த்தால், நம் விவசாயிக்கும் கூலித் தொழிலாளிக்கும் தெரியாத நுட்பம் எதுவும் இல்லை என்பது விளங்கும். பாலித்தீன் உறைக்குள் வளர்ந்த தார், முக்கால் பங்கு முற்றியதும் வெட்டப்பட்டு, தரையில் படாமல் தூக்கி வரப்படுகிறது. சீப்புகளை அறுத்து நேராகத் தண்ணீர்த் தொட்டியில் இறக்குகிறார்கள். படிகாரம் கலந்த அந்த நீரிலேயே பால் வடிந்துவிடுவதால் தோலில் கறை ஏறுவதில்லை. பிறகு சீப்பைச் சிறு கொத்துகளாகப் பிரித்து, கீறல் விழுந்த காயை ஒதுக்கி, எடை பார்த்து, பெட்டிக்குச் சுமார் 13 கிலோ என அடுக்கி, 13 டிகிரி செல்சியஸ் அளவுக்குக் குளிர வைக்கிறார்கள். அதற்கும் கீழே குளிர்ந்தால் தோல் கருத்துப் போய், பழுத்தாலும் மஞ்சள் நிறம் வராது என்பது அங்கே பெட்டி கட்டும் பெண்களுக்கும் தெரிந்த பாடம்.

அதே பள்ளத்தாக்கிலிருந்து உள்நாட்டுச் சந்தைக்குப் போகும் தாருக்கு இந்தக் கவனிப்பில் கால் பங்கும் கிடைப்பதில்லை. சருகு விரித்த லாரியில் ஒன்றன்மேல் ஒன்றாக ஏற்றப்பட்டு, இறக்குமிடத்தில் தரையில் சாய்க்கப்பட்டு, பல கமிஷன் மண்டிகளில் இன்றளவும் எடையே பார்க்காமல் தாருக்கு இவ்வளவு என்று கண்மதிப்பில் ஏலம் போகிறது. விளைவித்தவர் கைக்கு வரும் துண்டுச் சீட்டில் தார்களின் எண்ணிக்கை இருக்கும், தொகை இருக்கும், தரகும் சுமைக்கூலியும் கழிக்கப்பட்டிருக்கும். எத்தனை கிலோ, என்ன தரம் என்பவை மட்டும் இருக்காது. கிலோவுக்கு என்ன விலை கிடைத்தது என்று தெரியாத விவசாயியிடம் விலை ஏறியதா இறங்கியதா என்று கேட்பதில் என்ன பொருள் இருக்கிறது?

இந்த இரண்டு முறைகளில் எது பெரும்பான்மை என்பதற்கு வணிக அமைச்சகம் 2023-ஆம் ஆண்டு நவம்பரில் வெளியிட்ட கணக்கே போதுமானது. உலக வாழை விளைச்சலில் இந்தியாவின் பங்கு 26.45 விழுக்காடு, அதாவது சுமார் 3.5 கோடி டன். உலக வாழை ஏற்றுமதியில் நம் பங்கோ ஒரு விழுக்காடு. 2022-23-இல் 17.6 கோடி டாலர் மதிப்புக்கு நாம் அனுப்பியது சுமார் 3.6 லட்சம் டன். அப்படியானால் நம் நாட்டில் விளையும் நூறு காய்களில் ஏறத்தாழ ஒன்றுதான் கப்பலேறுகிறது. கடல் வழியாக நெதர்லாந்துக்குச் சோதனை முறையில் வாழை அனுப்பப்பட்டதும், ஏற்றுமதியை நூறு கோடி டாலராக உயர்த்துவதென்ற இலக்கும் வரவேற்கத்தக்கவையே. ஆனால் அந்த இலக்கு முழுமையாக எட்டப்பட்டாலும்கூட, நம் வாழையில் மிகப் பெரும்பகுதி உள்நாட்டு மண்டிகளில்தான் விலைபோகும்.

ஒழுங்கு நமக்கு வராது என்று எவரும் சொல்ல முடியாதபடி திராட்சையில் ஏற்கெனவே செய்து காட்டியிருக்கிறோம். ஏற்றுமதி மேம்பாட்டு ஆணையமான அபெடா 2006-இல் தொடங்கிய கிரேப்நெட் முறையில், நாசிக் வட்டாரத்துத் திராட்சைத் தோட்டங்கள் ஒவ்வொன்றும் தனித்தனியே பதிவு செய்யப்பட்டு, அறுவடைக்கு முன் மாதிரி எடுக்கப்பட்டு, அங்கீகரிக்கப்பட்ட ஆய்வகத்தில் பூச்சிக்கொல்லி எச்சம் சோதிக்கப்பட்டு, அக்மார்க் தரச்சான்றும் தாவர நலச் சான்றும் பெற்ற பின்பே பெட்டிகள் துறைமுகத்தை அடைகின்றன. ஐரோப்பியக் கடையொன்றில் இருக்கும் பெட்டியில் குறை தெரிந்தால், எந்த ஊரில் எந்தத் தோட்டம் என்பதுவரை பின்னோக்கிப் போய்க் கண்டுபிடித்துவிடலாம். அந்த முறையும் குறையில்லாமல் பிறக்கவில்லை. 2010-இல் குளோர்மெக்வாட் குளோரைடு என்ற வளர்ச்சி ஒழுங்கியின் எச்சம் ஐரோப்பாவில் கண்டுபிடிக்கப்பட்டு, திராட்சைச் சரக்குகள் நிராகரிக்கப்பட்டன. தோட்டங்களில் புழக்கத்தில் இருந்த அந்த மருந்து சோதனைப் பட்டியலில் இல்லாமல் போனதே சிக்கலின் வேர். பட்டியல் விரிவாக்கப்பட்டது; வணிகம் மீண்டது. மாம்பழத்திலும் இதே கதைதான். பழ ஈ காரணமாக 2014 மே மாதம் ஐரோப்பிய ஒன்றியம் விதித்த தடை, வெந்நீர் நேர்த்தியும் கட்டாயச் சோதனையும் வந்த பிறகு அடுத்த ஆண்டே நீங்கியது. 2025 மே மாதம் அமெரிக்க விமான நிலையங்களில் 15 மாம்பழச் சரக்குகள் மறுக்கப்பட்டபோது, குறை கண்டது பழத்தில் அல்ல, பூச்சியை ஒழிக்கச் செய்யும் கதிர்வீச்சு நேர்த்திக்கான ஆவணத்தில். திருப்பிக் கொண்டுவரும் செலவு கட்டுப்படியாகாததால் அத்தனை பழமும் அங்கேயே அழிக்கப்பட்டது. வெளிநாட்டு வாடிக்கையாளர் முகம் சுளித்த ஒவ்வொரு முறையும் நம் அரசு ஓடிச் சென்று ஓட்டையை அடைத்திருக்கிறது. உள்நாட்டில் வாங்கிச் சாப்பிடுகிறவர் முகம் சுளித்தால் எந்தக் கதவைத் தட்டுவது?

மாம்பழப் பருவத்தில் ஆண்டுதோறும் நடக்கும் கார்பைடு சோதனைகளை எடுத்துக்கொள்வோம். 2011-ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு விதிகள் கால்சியம் கார்பைடு கல்லால் பழுக்க வைத்த பழத்தின் விற்பனையைத் தடை செய்கின்றன. பழுக்க வைக்க எத்திலீன் வாயுவைப் பத்து லட்சத்தில் நூறு பங்கு வரை பயன்படுத்த அனுமதி இருக்கிறது. சட்டத்தில் குழப்பம் ஏதுமில்லை. அதிகாரிகள் கிடங்குக்குள் நுழைகிறார்கள், டன் கணக்கில் பழத்தைக் குழியில் கொட்டுகிறார்கள், படம் நாளிதழில் வருகிறது, அடுத்த ஆண்டு அதே மாதம் அதே காட்சி. கல் வைத்தது தோட்டத்தைக் குத்தகைக்கு எடுத்தவரா, மொத்த வியாபாரியா, கிடங்குக்காரரா என்பதைச் சொல்லப் பழத்தோடு ஒரு துண்டுத் தாளும் வராததால், கடைசியாகக் கையில் வைத்திருந்தவர் மாட்டிக்கொள்கிறார். எத்திலீன் அறை கட்ட வசதியுள்ள பெருநகரச் சந்தையில் இதைத் தவிர்ப்பது எளிது. வட்டத் தலைநகர் ஒன்றில் நாளுக்கு அரை லோடு பழம் விற்பவர் எங்கே போவார் என்று எந்தத் துறையும் கேட்டதாகத் தெரியவில்லை. பூச்சிக்கொல்லி எச்சத்துக்கான சந்தை மாதிரிகளிலும் இதே முட்டுச்சந்துதான். எச்சம் இருப்பது தெரியவரும். எந்தத் தோட்டம் என்பது தெரியவராது.

அளவைப் பொறுத்தவரை, இமாசலப் பிரதேசம் 2024 ஆப்பிள் பருவத்தில் எடுத்த முடிவை மற்ற மாநிலங்கள் கூர்ந்து பார்க்க வேண்டும். அதற்கு முன்பு அங்கே புழங்கிய நீண்டு கொடுக்கும் அட்டைப்பெட்டியில் 20 கிலோவுக்குப் பதில் 28, 30 கிலோ வரை திணித்து, பெட்டிக்கு ஒரு விலை என்று விற்கும் வழக்கம் இருந்தது. மிகுதிப் பழம் விவசாயியின் கணக்கில் வராமலே போனது. ஒரே அளவுள்ள, விரிந்து கொடுக்காத பெட்டியைக் கட்டாயமாக்கியதில் புதுத் தொழில்நுட்பமோ பெரிய மானியமோ கிடையாது. வெறும் அட்டையின் வடிவத்தை மாற்றியதிலேயே பேரத்தின் நிலை மாறியது. நம் மண்டிகளில் வாழைக்குத் தார், எலுமிச்சைக்கு எண்ணிக்கை, மாவுக்குக் கூடை, பலாவுக்குக் கண்மதிப்பு என்று இருக்கும் அளவைகளை ஒவ்வொன்றாக எடைக்குக் கொண்டுவர எத்தனை கோடி வேண்டும்?

இறக்குமதி பற்றியும் சொல்லியாக வேண்டும், ஏனெனில் உங்கள் துறைகள் இரண்டும் அதிகம் வாதிடுவது அதைப் பற்றித்தான். ஆப்பிளுக்கு 50 விழுக்காடு சுங்கவரி இருந்தும், 2023 மே மாதம் கிலோவுக்கு 50 ரூபாய் என்ற குறைந்தபட்ச இறக்குமதி விலை கொண்டுவர வேண்டியிருந்தது. அமெரிக்க ஆப்பிள் மீது 2019-இல் போட்ட கூடுதல் 20 விழுக்காடு வரி 2023 செப்டம்பரில் விலக்கப்பட்டது. அதே மாதத்தில் புளூபெரி, கிரான்பெரி ஆகியவற்றின் வரியையும் 10 விழுக்காட்டுக்கும் அதற்குக் கீழும் குறைக்க ஒப்புக்கொண்டோம். காஷ்மீர், இமாசல விவசாயிகளின் அச்சம் நியாயமானது; வரிக்காப்பு அவர்களுக்குத் தேவைதான். ஆயினும், வெளிநாட்டுப் பழம் கடையின் முன்வரிசையைப் பிடித்ததற்கு வரி ஒன்றே காரணம் என்று கருதுவது நம்மை நாமே ஏமாற்றிக்கொள்வதாகும். 125 கிராம் புளூபெரிப் பெட்டியில் விளைந்த நாடு, எடை, கட்டிய நிறுவனம் எல்லாம் அச்சாகி இருக்கின்றன. நம் நாவல் பழம் சாலையோரத்தில் படியால் அளந்து, இரண்டு நாளில் விற்றாக வேண்டிய அவசரத்தில், கேட்ட விலைக்குப் போகிறது. மகாபலேஷ்வர் ஸ்ட்ராபெரி புவிசார் குறியீடு பெற்று, பெட்டியில் அடைக்கப்பட்டுப் பெயரோடு விற்கப்படுவதைப் பார்க்கும்போது, நாவலுக்கும் நெல்லிக்கும் அது முடியாததல்ல என்று தோன்றுகிறது.

தகவல் மறைந்திருப்பதால் வரும் கேட்டுக்கு 2025-ஆம் ஆண்டின் தோத்தாபுரி மாங்காய் விலை வீழ்ச்சியை விடத் தெளிவான சான்று கிடைக்காது. கிருஷ்ணகிரியில் பெங்களூரா என்று அழைக்கப்படும் அந்த மாங்காயை நம்பி, கிருஷ்ணகிரி, சித்தூர், கோலார் வட்டாரங்கள் மூன்று மாநில எல்லைகளைத் தாண்டி ஒரே சந்தையாக இயங்குகின்றன. முந்தைய ஆண்டின் மாங்கூழ் விற்காமல் ஆலைகளில் தேங்கியிருந்தது. காய் வரத்தோ அதிகம். ஆலைகள் கொள்முதலைச் சுருக்கியதும் விலை பறிப்புக் கூலிக்கும் காணாத அளவுக்கு விழுந்தது. அந்த ஜூன் மாதத்தில் சித்தூர் மாவட்ட நிர்வாகம் வெளிமாநிலத் தோத்தாபுரி உள்ளே வரத் தடை விதிக்க, கர்நாடக முதலமைச்சர் ஆந்திர முதலமைச்சருக்குக் கடிதம் எழுத, ஒன்றிய அரசு சந்தைத் தலையீட்டுத் திட்டத்தைக் கையில் எடுக்க நேர்ந்தது. விலை விழுந்த பிறகு கொடுக்கும் இழப்பீட்டுத் தொகையை விவசாயி வேண்டாம் என்று சொல்லப்போவதில்லை. ஆனால் ஆலைகளில் எவ்வளவு கூழ் தேங்கியிருக்கிறது என்பது பூப்பூக்கும் மாதத்திலேயே பொதுவில் தெரிந்திருந்தால், ஊறுகாய்க்கும் வடமாநிலச் சந்தைக்கும் காயை முன்கூட்டியே திருப்பவும், குத்தகை பேசும்போது எச்சரிக்கையாக இருக்கவும் அவருக்கு வாய்ப்பாவது இருந்திருக்கும். அந்தத் தகவல் ஆலைகளிடம் இருந்தது, வங்கிகளிடம் இருந்தது. தோட்டக்காரரிடம் மட்டும் இல்லை.

ஓர் எச்சரிக்கையும் தேவை. இந்த ஒழுங்குகளைக் கமிஷன் மண்டிக்காரர் மீது தொடுக்கும் போராக யாரும் மாற்றிவிடக் கூடாது. விதைக்கன்று வாங்கவும், மகள் திருமணத்துக்கும், மருத்துவமனைச் செலவுக்கும் எந்தப் பத்திரமும் கேட்காமல் இரவோடு இரவாக முன்பணம் தருபவர் அவர்தான்; வங்கி அந்த இடத்தை நிரப்பாதவரை மண்டியை ஒதுக்கிவைக்கும் எந்தத் திட்டமும் காகிதத்தில்தான் நிற்கும். அதேபோல், சிறு விவசாயியால் பதிவேடெல்லாம் பராமரிக்க முடியாது என்ற வாதமும் அடிக்கடி கேட்கிறது. நாசிக்கில் பதிவு செய்துகொண்டவர்களிலும் சிறு தோட்டக்காரர்கள் இருக்கிறார்கள். திராட்சையின் லாபம் வாழைக்கு இல்லை என்பது உண்மை. ஆகவே பதிவுச் செலவை விவசாயியின் தலையில் கட்டாமல், சந்தைக் கட்டணமாக ஏற்கெனவே வசூலிக்கும் தொகையிலிருந்து விற்பனைக் குழுக்கள் ஏற்க வேண்டும்.

எனவே நான் கேட்பது பெரிதல்ல. வாழையை முதற்பயிராகக் கொண்டு, முறைப்படுத்தப்பட்ட சந்தைகளில் எடையிட்ட பிறகே ஏலம் என்பதையும், விற்பனைச் சீட்டில் எடை, தரம், கிலோ விலை மூன்றும் எழுதப்பட வேண்டும் என்பதையும் மாநில அரசுகள் கட்டாயமாக்கட்டும். அபெடாவிடம் உள்ள பதிவு முறையையே உள்நாட்டுக்கும் விரிக்கலாம்; புதிதாக ஒன்றைக் கட்டத் தேவையில்லை. தோட்டத்தின் பதிவெண் ஒன்று பெட்டியின் மேலோ தாரின் காம்பிலோ மண்டி வரை வந்தாலே கார்பைடு வழக்குகளில் பாதி தாமாகத் தீரும். சிறு சந்தைகளில் கூட்டாகப் பயன்படுத்த எத்திலீன் அறைகளை உழவர் உற்பத்தியாளர் நிறுவனங்களின் பொறுப்பில் தரலாம். மாங்கூழ் ஆலைகளின் கையிருப்பை மூன்று மாநிலங்களும் சேர்ந்து, ஒவ்வோர் ஆண்டும் குத்தகை பேசும் காலத்துக்கு முன்பே வெளியிட வேண்டும் என்பதை மட்டும் சற்று அழுத்தியே கேட்கிறேன், ஏனெனில் அதற்குச் சட்டத் திருத்தத்தை விட மூன்று செயலாளர்கள் ஒரு மேசையில் அமர்வதே அதிகம் தேவைப்படுகிறது.

இம்மடலுக்கு விடையாக இன்னொரு குழுவோ ஆய்வறிக்கையோ வேண்டாம். எந்தச் சந்தையில், எந்தப் பழத்துக்கு, எந்தத் தேதியிலிருந்து எடையிட்ட ஏலம் தொடங்கும் என்று சொல்லும் அரசாணையின் நகல் ஒன்று அந்தச் சந்தையின் அறிவிப்புப் பலகையில் ஒட்டப்பட்டால் போதும்.

இங்ஙனம்,
பழ வணிகத்தை நெடுங்காலமாகக் கவனித்து வரும் ஒரு குடிமகன்