மைக்கூட்டுக்குள் ஒரு துறைமுகம்: எலியட் ஸ்டானர்டுக்கு

அன்புள்ள எலியட் ஸ்டானர்ட் அவர்களுக்கு,

வணக்கம். போன வாரம் வீட்டில் ஆல்ஃபிரட் ஹிட்ச்காக் இயக்கிய 'தி மேங்க்ஸ்மேன்' படம் போட்டேன். தம்பியும் கூட உட்கார்ந்தான். டைட்டிலில் திரைக்கதை என்று உங்கள் பெயர் வந்ததும், "ஊமைப் படம்தானே, யாரும் பேசப்போறதில்ல. அப்புறம் எழுத என்ன இருக்கு?" என்று கேட்டான். சட்டென்று எனக்குப் பதில் வரவில்லை. "பாரு, வரும்" என்று மட்டும் சொன்னேன்.

வந்தது. கேட் ஒரு மீனவனின் மனைவி. மனசு இருப்பதோ அவனுடைய உயிர் நண்பன் பிலிப்பிடம். பிலிப் நீதிபதி ஆகப்போகிறவன், அவளைக் கைப்பிடித்தால் அந்தப் பதவி போய்விடும். போக்கிடமில்லாத கேட் ராத்திரியில் துறைமுக ஓரத்திலிருந்து தண்ணீரில் குதிக்கிறாள். திரை முழுக்கக் கறுத்த நீர். அந்தக் கறுப்பு அப்படியே கரைந்து இன்னொரு கறுப்பாகிறது. அதற்குள் ஒரு பேனா இறங்குகிறது. மைக்கூடு! பேனாவைப் பிடித்திருப்பது பிலிப். நீதிபதி நாற்காலியில் அவனுக்கு அன்றுதான் முதல் நாள். கொஞ்ச நேரத்தில், தற்கொலைக்கு முயன்றாள் என்ற குற்றத்துக்காக அவளை அவன் முன்னாலேயே கொண்டுவந்து நிறுத்துகிறார்கள்.

தம்பி ரிமோட்டை வாங்கிப் பின்னால் தள்ளி, அந்த இடத்தை மட்டும் இன்னும் இரண்டு தரம் பார்த்தான். கேள்வியைத் திரும்பக் கேட்கவில்லை.

இந்தக் கடிதத்தை எழுதவைத்தது அந்த மைக்கூடுதான். அதைப் பார்க்கிற யாரும் "ஹிட்ச்காக்கின் முத்திரை" என்றுதான் சொல்வார்கள். அவர் பெரிய கலைஞர், அதில் எனக்கு மாற்றுக் கருத்தே கிடையாது. ஆனால் காட்சியில் வரும் ஒரு பொருளே கதையைச் சொல்ல வேண்டும், குறியீடு திரைக்கதையிலேயே இருக்க வேண்டும் என்று 1917லேயே தொழில் பத்திரிகையில் கட்டுரை எழுதியவர் நீங்கள். அப்போது ஹிட்ச்காக்குக்குப் பதினெட்டு வயசுகூட நிறைந்திருக்குமோ என்னவோ, லண்டனில் ஒரு கேபிள் கம்பெனியில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். 1925ல் அவர் தன் முதல் முழுப் படமான 'தி பிளெஷர் கார்டன்' எடுக்க வந்தபோது, திரைக்கதைக்காரராகப் பத்து வருஷத்துக்கு மேல் பழுத்துப்போன நீங்கள் பக்கத்தில் இருந்தீர்கள். அந்த வருஷம் தொடங்கி 1929 வரை அவர் எடுத்த ஊமைப் படங்களில் பெரும்பாலானவற்றுக்கு எழுத்து உங்களுடையது. ஒரே மேஜையில் இரண்டு பேர் செய்த வேலை அது. மேஜையில் ஒரு நாற்காலியை மட்டும் காலியாகக் காட்டுவதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

உங்கள் அம்மாவைப் பற்றிப் படித்தபோது மனசு கொஞ்சம் கனத்தது. ஹென்ரியெட்டா ஸ்டானர்ட் ராணுவ வாழ்க்கையை வைத்துக் கதை எழுதியவர். பெண் பெயரில் வந்தால் எடுபடாது என்று பதிப்பகம் நினைத்ததால் 'ஜான் ஸ்ட்ரேஞ்ச் வின்டர்' என்ற ஆண் பெயரில் எழுதினார். யாரோ குதிரைப்படை அதிகாரிதான் எழுதுகிறார் என்று வாசகர்கள் நம்பினார்கள். 1885ல் வந்த 'பூட்டில்ஸ் பேபி' அவ்வளவு விற்றது. பெண் பத்திரிகையாளர்களின் சங்கத்துக்குத் தலைவராகவும் இருந்தார். புனைபெயருக்குப் பின்னால் உட்கார்ந்து குடும்பத்தைத் தாங்கும் அளவுக்கு எழுதித் தள்ளிய ஒருவரைப் பார்த்தே நீங்கள் வளர்ந்திருக்கிறீர்கள். எழுத்து என்றால் தினமும் உட்கார்ந்து செய்கிற வேலை என்பது உங்களுக்கு வீட்டிலேயே பழகியிருக்கும் என்று நினைக்கிறேன். அவர் 1911ல் காலமானார். மூன்றே வருஷத்தில் உங்கள் முதல் படம்.

அதற்குப் பிறகு நீங்கள் எழுதிய வேகம் மலைக்க வைக்கிறது. 1914க்கும் 1933க்கும் நடுவில் எண்பதுக்கு மேற்பட்ட படங்கள்! வருஷத்துக்கு நாலு என்று வைத்தாலும் ஒரு கதையை முடித்து மூச்சு விடுவதற்குள் அடுத்தது வந்து நின்றிருக்கும். மாரிஸ் எல்வி இயக்கிய படங்களுக்காக டிக்கன்ஸின் 'டோம்பி அண்ட் சன்', கால்ஸ்வொர்தியின் 'ஜஸ்டிஸ்', 1918ல் 'நெல்சன்'. 1920ல் 'வுதரிங் ஹைட்ஸ்' நாவலை முதன்முதலாகத் திரைக்குக் கொண்டுவந்ததும் நீங்கள்தான். பிரான்டி சகோதரிகள் வாழ்ந்த ஹாவொர்த் ஊருக்கே போய் எடுத்த படம். ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை. அதே 1920ல், திரைக்கதை எழுதுவது எப்படி என்று புதியவர்களுக்குப் பாடமும் எழுதினீர்கள். தொழில் ரகசியத்தைப் பொத்தி வைக்காத அந்த மனசு எனக்குப் பிடித்திருக்கிறது.

என்னை ரொம்பவும் அசத்தியது 'ஈஸி வர்ச்சூ'. மூலம் நோயல் கவர்டின் நாடகம். அவர் நாடகத்தில் பேச்சுதானே உயிர்? பேச்சை எடுத்துவிட்டால் என்ன மிஞ்சும்? நாடகம் தொடங்குவதற்கு முன்னால் நடந்த கதையைப் புதிதாகக் கட்டி, படத்தின் முன்பாதியாகவே வைத்தீர்கள். அதில் ஒரு இடம். ஜான் தன்னைக் கட்டிக்கொள்ளும்படி லாரிட்டாவைக் கேட்டிருக்கிறான். அவள் போனில் பதில் சொல்ல வேண்டும். நாம் ஜானையும் பார்ப்பதில்லை, அவளையும் பார்ப்பதில்லை. இணைப்புக் கொடுக்கிற டெலிபோன் ஆபரேட்டர் பெண்ணை மட்டும் பார்க்கிறோம். படித்துக்கொண்டிருந்த புத்தகத்தை விட்டுவிட்டு ஒட்டுக்கேட்கிறாள். முகத்தில் ஆவல், பிறகு கவலை, மூச்சைப் பிடித்த மாதிரி ஒரு காத்திருப்பு, கடைசியில் மலர்ந்த சிரிப்பு. சரி, லாரிட்டா சம்மதித்துவிட்டாள்! ஒரு வார்த்தையும் காதில் விழாமல் முழு உரையாடலும் நமக்குப் புரிந்துவிடுகிறது. ஊமைப் படத்துக்கு எழுதுவது என்றால் என்னவென்று யாராவது கேட்டால் இனிமேல் இதைத்தான் போட்டுக் காட்டுவேன்.

பேசும் படம் வந்தபின் உங்கள் பெயர் வேகமாகக் குறைந்து, 1933க்குப் பிறகு காணாமலே போகிறது. 1944ல் நீங்கள் போனபோது ஹிட்ச்காக் ஹாலிவுட்டில் புகழோடு இருந்தார். உங்களுக்குச் சேர வேண்டியதை எடுத்துச் சொல்ல சார்ல்ஸ் பார் என்ற ஆய்வாளர் வர வேண்டியிருந்தது. ஹிட்ச்காக்கின் பிரிட்டிஷ் படங்களைப் பற்றி அவர் எழுதிய புத்தகம் 1999ல்தான் வந்தது. அரை நூற்றாண்டுக்கும் மேல் தாமதம். ஆனாலும் அவருக்கு என் நன்றி.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். ஹிட்ச்காக்குக்காக நீங்கள் எழுதிய 'தி மவுன்டன் ஈகிள்' இன்னும் கிடைக்கவில்லை. பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் தேடும் படங்களின் பட்டியலில் அதுதான் முதலில் இருக்கிறது. மிஞ்சியவை சில ஸ்டில் படங்கள் மட்டும். நேற்று தம்பி அவற்றைத் தேடி எடுத்து வரிசையாக அடுக்கி, "இதுக்கும் இதுக்கும் நடுவுல என்ன எழுதியிருப்பார்?" என்று கேட்டான். ராத்திரி வெகுநேரம் அதைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தோம்.

அன்புடன்,
உங்கள் படங்களைத் தேடித் தேடிப் பார்க்கும் ஒருவன்