என் பாட்டுப் பட்டியலை என்னிடம் கொடுங்கள்

பெறுநர்: வாடிக்கையாளர் சேவைப் பிரிவு

பொருள்: பிளேலிஸ்ட்டை வெளியே எடுக்க வழியில்லாதது, பாடல்கள் சொல்லாமல் கொள்ளாமல் காணாமல் போவது பற்றி

வணக்கம்.

பல வருடங்களாக உங்கள் இசைச் செயலிக்குச் சந்தா கட்டி வருகிறேன். இப்போது வேறு சேவைக்கு மாறலாமா என்று யோசிக்கிறேன். நிம்மதியாக ஒப்பிட்டுப் பார்க்கக்கூட நீங்கள் விடுவதில்லை. அதுதான் என் புகார்.

மாறும் எண்ணம் வந்ததே லாஸ்லெஸ் (சுருக்கும்போது தரம் குறையாத ஒலி) கட்டணத்தால்தான். ஆப்பிள் மியூசிக்கும் அமேசான் மியூசிக்கும் 2021-லேயே லாஸ்லெஸ் ஒலியைக் கூடுதல் கட்டணம் இல்லாமல் சந்தாவோடு சேர்த்துவிட்டன. டைடல் என்ற சேவையும் 2024-ல் தன் இரண்டு கட்டணத் திட்டங்களையும் ஒன்றாக்கி, உயர்தர ஒலிக்குத் தனிக் கட்டணம் இல்லாமல் செய்தது. நீங்களோ இன்னும் லாஸ்லெஸுக்குத் தனியாகப் பணம் வாங்குகிறீர்கள். நான் வயர் ஹெட்போனில் கேட்பவன், அதனால் எனக்கு அது தேவை. சாதாரண ப்ளூடூத் இயர்போனில் ஒலி மறுபடியும் சுருக்கப்பட்டுத்தான் காதுக்கு வரும். உங்கள் லாஸ்லெஸ் விளம்பரத்தில் தலையாட்டுகிறவர் ப்ளூடூத் இயர்போன்தான் மாட்டியிருக்கிறார் என்பது வேறு விஷயம்.

சரி, பணத்தை விடுங்கள். பெரிய சேவைகள் எல்லாமே 10 கோடிப் பாடல்கள் இருக்கின்றன என்கின்றன. அதனால் எதில் எத்தனை பாட்டு என்று பார்த்துத் தேர்ந்தெடுக்க ஒன்றுமில்லை. நான் இத்தனை காலம் தேடித் தேடிச் சேர்த்த பட்டியல் புதிய இடத்துக்குக் கூடவே வருமா, வராதா? எனக்கு அதுதான் கேள்வி. உங்கள் செயலியில் பட்டியலைக் கோப்பாக எடுக்க ஒரு பட்டன்கூட இல்லை. கேட்டதற்கு, ஸ்க்ரீன்ஷாட் எடுத்துக்கொள்ளச் சொன்னார் உங்கள் பிரதிநிதி.

அதையும் செய்து, அந்தப் பெயர்களை, பட்டியலை வேறு சேவைக்கு மாற்றித் தரும் ஒரு கருவியில் போட்டுப் பார்த்தேன். வெறும் பெயரை வைத்துத் தேடினால் என்ன ஆகும்? ஸ்டுடியோப் பதிவு இருக்க வேண்டிய இடத்தில் மேடைக் கச்சேரி வந்து நின்றது. இன்னொரு பாட்டுக்குக் கரோக்கி, குரலே இல்லை. இந்தச் சிக்கலுக்கென்றே ஐஎஸ்ஆர்சி என்ற 12 எழுத்துக் குறியீடு இருக்கிறது. ஒவ்வொரு ஒலிப்பதிவுக்கும் தனி எண், அதே பாட்டின் மேடைப் பதிவுக்கு வேறு எண். இசை நிறுவனங்கள் பாடல்களைக் கொடுக்கும்போதே இதையும் சேர்த்துத்தான் கொடுக்கின்றன, ஆகவே உங்களிடம் இல்லாத தகவல் அல்ல. பாட்டின் பெயர், பாடியவர், ஆல்பம், ஐஎஸ்ஆர்சி என்று நான்கு நெடுவரிசை உள்ள ஒரு சிஎஸ்வி கோப்பு (எக்செலில் திறக்கும் எளிய அட்டவணை) போதும். தரவிறக்கிய பாட்டுகளையா கேட்கிறேன்? சந்தா முடிந்தால் அவை போய்விடும் என்று தெரிந்துதான் சேர்ந்தேன்.

அப்புறம், காணாமல் போகும் பாடல்கள். உரிமம் முடிந்தால் எடுத்துத்தான் ஆக வேண்டும், புரிகிறது. ஆனால் பெயரையும் ஏன் சேர்த்து அழிக்கிறீர்கள்? என் பட்டியலில் பல வரிகளில் "இந்தப் பாடல் கிடைக்கவில்லை" என்று மட்டும் சாம்பல் நிறத்தில் நிற்கிறது. அதில் ஒன்று பழைய வயலின் பதிவு. வாசித்தவர் யார் என்பது எனக்கு நினைவில்லை. அதை நினைவில் வைக்கத்தானே பட்டியல் போட்டேன்? வேறு எங்காவது அது இருக்கலாம், ஆனால் எதைத் தேடுவது? இதைச் சொன்னபோது வந்த பதில்: செயலியை நீக்கிவிட்டு மறுபடி நிறுவுங்கள். நிறுவினேன். தரவிறக்கி வைத்திருந்ததெல்லாம் போயிற்று, சாம்பல் வரிகள் அப்படியே இருக்கின்றன.

எனக்கு வேண்டியவை: என் எல்லாப் பட்டியல்களும் ஐஎஸ்ஆர்சியோடு ஒரே கோப்பாக, மறைந்த பாடல்களின் பெயர்கள், அவை கிடைக்கும்வரை கூடுதல் லாஸ்லெஸ் கட்டணம் நிறுத்தம். கோப்பு வந்தால் மற்ற சேவைகளோடு ஒப்பிட்டுப் பார்த்து, ஒருவேளை உங்களிடமே இருந்தாலும் இருப்பேன். அடுத்த சந்தாத் தேதிக்குள் வராவிட்டால் ரத்து செய்துவிடுவேன்.

பதிலை மின்னஞ்சலில், ஒரு மனிதர் எழுதி அனுப்பவும். சாட்பாட்டிடம் பேசியாகிவிட்டது.

இப்படிக்கு,
உங்கள் சந்தாதாரர்